கீழே விழுந்த வாள்

போன வாரம் காலையில் பால் வாங்கிக்கொண்டு திரும்பும்போது பசை வாடை அடித்தது. தேரடிக்குப் பக்கத்துச் சுவரில் ஒருவர் ஏணி போட்டுப் போஸ்டர் ஒட்டிக்கொண்டிருந்தார். நின்றேன். எந்தப் போஸ்டரைப் பார்த்தாலும் நின்று எழுத்துப் பிழை பார்ப்பது என் வழக்கம். முப்பத்தைந்து வருஷம் தமிழ் வாத்தியாராக இருந்தவனுக்குச் சுவரும் விடைத்தாள்தான். வீட்டில் இதற்காக நிறையத் திட்டு வாங்கியிருக்கிறேன், பால் திரிந்துபோன நாட்களும் உண்டு.

கண்ணீர் அஞ்சலி. ஒரு கிழவரின் படம். அதன் கீழே கொட்டை எழுத்தில் ‘வாள்’ கன்னியப்பன்.

பிழை என்றுதான் முதலில் தோன்றியது. அங்கே வரவேண்டியது ‘ள்’ அல்ல, ‘ல்’. இந்த ஊரில் வேறு யாரையும்விட எனக்கு அது நிச்சயமாகத் தெரியும். ஏனென்றால் அந்தப் பட்டப்பெயரை அவனுக்கு வைத்தவன் நான். இவ்வளவும் யோசித்த பிறகுதான் கன்னியப்பன் செத்துப்போய்விட்டான் என்பது உறைத்தது. முதலில் எழுத்து, அப்புறம் ஆள். என் ஆயுசே இந்த வரிசையில்தான் போயிருக்கிறது.

பசை வாடையில் எனக்கு எப்போதும் ஒரு மயக்கம் உண்டு. தறியில் ஏற்றும் பாவு நூலுக்குப் போடும் அரிசிக் கஞ்சியின் வாடையும் கிட்டத்தட்ட இதுதான். கன்னியப்பனின் சட்டையில் அது இருக்கும். துவைத்தாலும் போகாது. அந்த வாடைக்குப் பக்கத்தில் உட்கார்ந்துதான் நான் என் இருபதுகளில் கத்திச் சண்டைப் படங்களைப் பார்த்தேன்.

எங்கள் இருவருக்கும் ஒரே வயது. அவன் எட்டாவதோடு தறியில் உட்கார்ந்தவன். நான் அப்போதுதான் வேலைக்குச் சேர்ந்திருந்தேன். அமாவாசையன்று தறி ஓட்டமாட்டார்கள். ஆகவே அமாவாசை மதியக் காட்சிக்குக் கொட்டகை முழுக்க நெசவாளர்கள். பள்ளிக்கூடத்துக்கு அமாவாசை கிடையாது. அதனால் மாதம் ஒருமுறை எனக்கு வயிற்று வலி வரும். தலைமையாசிரியர் ஒருநாள், “உங்க வயித்துக்குப் பஞ்சாங்கம் தெரியுமா சார்?” என்று கேட்டார். அன்றைக்கும் போனேன்.

அந்தப் படங்களில் ஒரு கட்டம் தவறாமல் வரும். கோட்டையின் படிக்கட்டில் சண்டை. வில்லனின் வாள் தெறித்து விழும். அவன் சுவரோடு ஒட்டி நிற்பான். கதாநாயகன் ஒரு குத்துக் குத்தினால் கதை முடிந்தது. ஆனால் அவன் குத்தமாட்டான். தன் வாள் நுனியால் கீழே கிடக்கும் வாளைத் தூக்கி எதிரியிடமே எறிந்து, “எடு, சண்டை போடு” என்பான். கொட்டகை அதிரும்.

எங்கள் ஊர்க் கொட்டகையில் அந்த நேரத்தில் ஒரு சத்தம் கேட்கும். வேறு ஊரில் கேட்டிருக்க முடியாது. “நாடா விழுந்துச்சு, நிறுத்து!” என்று பெஞ்சிலிருந்து கத்துவார்கள். நாடா என்பது தறியில் ஊடை நூலைச் சுமந்து குறுக்கே ஓடுகிற ஓடம். கரை சேர்த்து நெய்கிற புடவைக்குத் தறியில் இரண்டு பேர் உட்காரவேண்டும். ஒருவர் கையிலிருந்து நாடா தவறி விழுந்தால் மற்றவர் கையை நிறுத்திவிட வேண்டும். தவறவிட்டவர் எடுத்துக்கொள்ளும்வரை அடிக்கக்கூடாது. அடித்தால் புடவை போய்விடும். வில்லனின் கையிலிருந்து வாள் விழுந்தாலும் எங்கள் ஆட்களுக்கு அதே பழக்கம். கதாநாயகனுக்கே உத்தரவு போடுவார்கள்.

கன்னியப்பனுக்கு அந்தக் கட்டம் வந்தால் கண் கலங்கிவிடும். “இன்னாய்யா, வில்லனுக்கு அழுவுற?” என்று கேட்டால், “அவன் மூஞ்சியப் பாரு வாத்தியாரே. கையில ஒண்ணும் இல்லாம நிக்கிறான்பா” என்பான். நான் அதைக் கேலி செய்வேன். மனதுக்குள், இப்படி ஒரு வாக்கியம் எனக்குத் தோன்றவில்லையே என்று இருக்கும்.

இதை ஒளிக்காமல் சொல்லிவிடுகிறேன். எனக்கு அவன்மேல் பொறாமை இருந்தது. படித்தவன் நான். ஆனால் இடைவேளையில் டீக்கடையில் அவன் படத்தைப் பற்றிப் பேச ஆரம்பித்தால் பத்துப் பேர் சுற்றி நிற்பார்கள். நான் பேசினால் டீயைக் குடித்துவிட்டுப் போய்விடுவார்கள்.

எங்கள் படிப்பகத்தின் ஆண்டு விழாவுக்கு ஒரு ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் பட்டிமன்றம் வைத்தார்கள். கத்திச் சண்டைப் படங்களில் நம்மைக் கட்டிப்போடுவது வீரமா, இரக்கமா? யோசனை என்னுடையது. இரக்கத்தின் பக்கத்தை நான் முதலிலேயே எடுத்துக்கொண்டேன். கைதட்டல் அங்கேதான் என்று தெரியும். வீரத்தின் பக்கம் பேசக் கன்னியப்பனை இழுத்துவிட்டதும் நான்தான். அவன் மேடையே ஏறியதில்லை.

விழாவுக்கு இரண்டு நாள் முன்னால் என்னைத் தேடி வந்தான். அவன் வீட்டில் பெண் பார்க்கிற பேச்சு நடந்துகொண்டிருந்த சமயம். பக்கத்து ஊரான கூரத்திலிருந்து பெண்ணின் அப்பா பேச்சைக் கேட்க வருவதாகச் சொல்லியிருந்தார். அந்தப் பெருமையும் பயமும் முகத்தில் தெரிந்தன.

“வாத்தியாரே, இந்த ளகரம் எனுக்கு வாயில வரவே மாட்டுது. கத்தின்னே சொல்லிடட்டா?”

“கத்தின்னா கத்திரிக்கா அரியற மாதிரி இருக்கும்யா. மேடையில வாள்னு சொன்னாத்தான் கம்பீரம்.”

“தப்பா வந்துட்டா சிரிக்கமாட்டாங்க?”

“எவன் கவனிக்கப் போறான்?”

அப்போது எனக்குக் கெட்ட எண்ணம் இருந்ததா? இல்லை என்றுதான் இத்தனை வருஷமும் எனக்கு நானே சொல்லிவந்தேன். இப்போது அவ்வளவு உறுதியாகச் சொல்லத் தெரியவில்லை.

விழாவன்று முதலில் நான் பேசினேன். மேற்கோள்கள் எல்லாம் சரியாக வந்தன. அளவான கைதட்டல். பிறகு அவன் எழுந்தான். கையிலிருந்த துண்டுச்சீட்டைப் பார்த்துப் பார்த்துப் பேச ஆரம்பித்தான். இரண்டு நிமிஷத்தில் சீட்டைப் பார்ப்பதை விட்டுவிட்டான்.

“இரக்கம் இரக்கம்னு வாத்தியாரு சொல்றாரு. கீழ கிடக்கிறதை எடுத்துக் குடுத்தா அவன் திரும்பக் குத்துவான்னு தெரியும். தெரிஞ்சும் குடுக்கிறான் பாருங்க, அதுக்கு எம்மாந் தைரியம் வேணும்! பயந்தாங்கொள்ளிக்கு இரக்கம் வராதுபா. நெஞ்சுல தெம்பு இருக்கிறவனுக்குத்தான் வரும்.”

கூட்டம் எழுந்து நின்றது. நான் அரை மணி நேரம் சொல்லியும் தொடாத இடத்தை அவன் நாலு வாக்கியத்தில் தொட்டுவிட்டான். என் பக்கத்து நியாயத்தையும் சேர்த்துத் தூக்கிக்கொண்டு போய்விட்டான். முன்வரிசையில் கூரத்துக்காரர் தொடையைத் தட்டிக்கொண்டிருந்தார். ஆனால் பேச்சு முழுக்க, நான் சொல்லிக் கொடுத்தபடியே, கன்னியப்பன் வாள் என்றுதான் சொன்னான். ஒருமுறைகூட அது வாளாக வரவில்லை. வால், வால் என்றே வந்தது. அவன் சொன்னபடி யாரும் அதைக் கவனிக்கவுமில்லை. இல்லை, தவறாக எழுதிவிட்டேன். அப்படிச் சொன்னது நான்.

பதில் சொல்ல எனக்குச் சில நிமிஷம் உண்டு. எழுந்தேன்.

“அவையோரே, நண்பர் சொன்ன வீரனை நான் எந்தப் படத்திலும் பார்த்ததில்லை. எதிரியின் வாலைத் தட்டிவிட்டானாம். வால் கீழே விழுந்துவிட்டதாம். விழுந்த வாலை எடுத்து அவனிடமே கொடுத்தானாம். அவர் பார்த்தது ராஜா கதையா, குரங்காட்டி வித்தையா?”

இளவட்டங்கள் பெஞ்சைத் தட்டிச் சிரித்தார்கள். கூரத்துக்காரரும் சிரித்தார். கன்னியப்பன் ஏதோ சொல்ல எழுந்தான். கையிலிருந்த சீட்டு நழுவி மேடையில் விழுந்தது.

அப்போது பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது. “நாடா விழுந்துச்சு வாத்தியாரே! நிறுத்து!”

அவனுடைய அண்ணன். தறியில் அவனுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து மறுபக்க நாடாவை வீசுகிறவர். அவர் வேடிக்கையாகச் சொல்லவில்லை. அது எனக்கு நன்றாகப் புரிந்தது. மைக் என் கையில் இருந்தது.

“உட்காருங்கள் நண்பரே,” என்றேன். “பார்த்து உட்காருங்கள், வாலை மிதித்துவிடப் போகிறீர்கள்.”

முதலில் சொன்னதைக்கூடப் பட்டிமன்றத்து விளையாட்டு என்று தள்ளிவிடலாம். இந்த இரண்டாவதுக்கு என்னிடம் எந்தச் சமாதானமும் இல்லை. இரக்கத்தின் பக்கமே வென்றது என்று நடுவர் தீர்ப்புச் சொன்னார். எனக்குத் துண்டு போர்த்தினார்கள். இரக்கத்துக்காகப் போர்த்திய துண்டு. குனிந்து வாங்கிக்கொண்டேன்.

கூரத்துச் சம்பந்தம் அமையவில்லை. அதற்கு ஆயிரம் காரணம் இருக்கலாம், ஜாதகம்கூட இருக்கலாம். ஆனால் மறுவாரமே டீக்கடையில் “வால் வந்துட்டாரு, ஒரு டீ போடு” என்று ஆரம்பித்துவிட்டார்கள். பெயர் ஒட்டிக்கொண்டது. அவனுக்கு வேறு இடத்தில் கல்யாணம் ஆனது, பிள்ளைகள் பிறந்தார்கள். அவன் வீட்டுக்கு வழி கேட்டால் “வாலு வீடா?” என்று கேட்டார்கள். சின்ன வயதில் சேட்டை செய்திருப்பார் என்று பிற்பாடு வந்தவர்கள் நினைத்துக்கொண்டார்கள். அவன் அதன்பின் மேடை ஏறவில்லை. டீக்கடையிலும் படத்தைப் பற்றிப் பேசுவதை நிறுத்திவிட்டான். அடுத்த அமாவாசைக்குக் கொட்டகையில் எனக்குப் பக்கத்தில் கஞ்சி வாடை இல்லை. அதற்கடுத்த மாதத்திலிருந்து என் வயிற்று வலியும் நின்றது.

அவன் என்னோடு சண்டை போட்டிருந்தால் நன்றாக இருந்திருக்கும். போடவில்லை. எதிரில் பார்த்தால் “இன்னா வாத்தியாரே, சௌக்கியமா?” என்பான். பல வருஷம் கழித்து ஒருநாள் ஏனாத்தூர் பஸ்ஸில் ஏறினேன். அவன் எழுந்து எனக்கு இடம் கொடுத்தான். இருவருக்கும் தலை நரைத்திருந்தது. சொல்லிவிட வேண்டும் என்று வாயைத் திறந்தேன்.

“தென்னேரி ஏரி கோடி போவுதாமே?” என்று கேட்டேன்.

“ஆமாமா. நல்ல மழை” என்றான்.

அவ்வளவுதான். ஏரி நிரம்பி வழிவதைப் பற்றிப் பேச எனக்கு வாய் இருந்தது.

போஸ்டரைப் பார்த்த அன்றே அவன் வீட்டுக்குப் போனேன். காரியம் எல்லாம் முடிந்து, வாசலில் பிளாஸ்டிக் நாற்காலிகளை அடுக்கிக்கொண்டிருந்தார்கள். மகனுக்கு ஐம்பது வயதிருக்கும். நான் யார் என்று சொன்னதும் என் கையைப் பிடித்துக்கொண்டான்.

“சார், நீங்கதானா? அப்பா சொல்லிக்கினே இருப்பாரு. அவருக்கு வாளுன்னு பட்டம் குடுத்ததே நீங்கதானாமே?”

அவன் காட்டிய நாற்காலியில் உட்கார்ந்தேன்.

“ஒரு பட்டிமன்றத்துல வாளு மாதிரி பேசினாராம். எதிர்ல பேசின வாத்தியாரே எழுந்து அந்தப் பேரை வெச்சாருன்னு சொல்லுவாரு. ஊர்ல இருக்கிறவங்களுக்கு நாக்கு சுத்தம் இல்ல, வாலு வாலுன்னு கூப்புடுறாங்க, நீங்க கண்டுக்காதீங்கடான்னுவாரு. போஸ்டர்ல மொதல்ல தப்பா அடிச்சிட்டான் சார். பள்ளிக்கூடத்துக்குப் போடுற ‘ள’ போடுப்பான்னு திருப்பி அடிக்க வெச்சேன்.”

வாளு என்று அவன் சொன்னபோதும் காதில் வாலு என்றுதான் விழுந்தது. அப்பாவின் நாக்கு. வாழ்க்கையில் முதல்முறையாக நான் திருத்தவில்லை.

பிள்ளைகள் பள்ளிக்கூடத்தில் தலைகுனியக்கூடாது என்று அந்தக் கதையைச் சொன்னானா, என்னைக் காப்பாற்றவா, அல்லது தன்னைத்தானே தேற்றிக்கொள்ளவா? கேட்க ஆள் இல்லை. “அப்படித்தானே சார்?” என்று மகன் என் முகத்தைப் பார்த்தான். உண்மையைச் சொன்னால் என் பாரம் இறங்கும், அவன் கையில் இருப்பது விழும். “ஆமாம்பா, நல்லாப் பேசினார்” என்றேன். அதில் பொய் இல்லை. அன்றைக்குச் சொல்லாததை இங்கே எழுதுகிறேன், பெயரை மட்டும் மாற்றியிருக்கிறேன்.

திரும்பும்போது கொட்டகை இருந்த வழியாக நடந்தேன். இப்போது அது புடவைக் கடையின் கார் நிறுத்துமிடம். திரை இருந்த பக்கம் காவலாளி குடை போட்டு உட்கார்ந்திருக்கிறார். பெஞ்சும் இல்லை, வாள் விழுந்தால் பதறுகிற அந்தக் கூட்டமும் இல்லை. இப்போதைய படங்களில் கீழே விழுந்தவனைத்தான் நிறைய நேரம் அடிக்கிறார்கள். யாரும் கத்துவதில்லை.

நேற்றிரவு மழை. காலையில் பார்த்தேன். தேரடிச் சுவரில் போஸ்டர் பாதி கிழிந்து தொங்குகிறது. படம் போய்விட்டது, பெயரும் போய்விட்டது. அந்த ‘ள்’ மட்டும் பசையோடு ஒட்டிக்கொண்டிருக்கிறது.