ராக்னில்ட் கத்திய காட்சி

அன்று காலை ராக்னில்டுக்குத் தன் கையே தெரியவில்லை. முந்தின நாள் முழுக்க ஸ்டுடியோவின் ஆர்க் விளக்குகளுக்கு எதிரே நின்று நடித்ததன் பலன். கண்ணுக்குள் மணலை அள்ளிக் கொட்டியதுபோல எரிந்தது. ஒப்பனைக்காரி கூர்லி பச்சை உருளைக்கிழங்கை வட்டமாக நறுக்கி இமைகள்மேல் வைத்தாள். ஸ்டாக்ஹோம் நடிகைகள் எல்லோரும் செய்துகொள்ளும் வைத்தியம்தான். இந்தத் தடவை கேட்கவில்லை.

“அக்கா, டைரக்டர்கிட்ட சொல்லிடலாமே. ஓய்வு குடுப்பாரு.”

“குடுப்பாரு, குடுப்பாரு! என் வேஷத்தை இன்னொருத்திக்குக் குடுப்பாரு. ஓய்வு கேட்ட தோராவுக்கு என்ன ஆச்சு? இப்ப தியேட்டர் வாசல்ல டிக்கெட் கிழிக்கிறா. வாயை மூடிக்கிட்டு என்னைப் படிக்கட்டுல கொண்டு விடு.”

பிடிவாதக்காரி. ஹெர்னோசாண்டில் மீன் விற்றவரின் மகள். பதினேழு வயதில் ஓடிவந்து, நாடகங்களில் வேலைக்காரி வேஷமாகவே போட்டுப் போட்டு, முப்பத்தாறில்தான் சினிமாவில் கதாநாயகி ஆகியிருந்தாள். லேசில் விடுவாளா?

அன்று எடுக்க வேண்டியது குளிர்காலப் பண்டிகையான லூசியா நாளின் விடியல். தலையில் எரியும் மெழுகுவத்திக் கிரீடம், இரண்டு கையிலும் காப்பித் தட்டு. அந்தக் கோலத்தில் படியிறங்கி வந்து வீட்டாரை எழுப்ப வேண்டும். நேற்றைய ஒத்திகையிலேயே பாதை காலுக்குப் பழகியிருந்தது. கீழே சிறுமி ஸ்வேயா இடப்பக்கம் ஒதுங்கி நிற்பாள்.

காமிரா சுழன்றது. ராக்னில்ட் இறங்கினாள். உருகிய மெழுகு நெற்றியில் சொட்டியது. தரை வந்துவிட்டது, தப்பித்தோம் என்று நினைத்த நேரத்தில், நேர் எதிரே களுக்கென்று ஒரு சிரிப்பு.

ஸ்வேயா! டைரக்டர் சிக்ஸ்டன் குழந்தையை நடுவில் மாற்றி நிறுத்தியிருந்தார். அது போட்டிருப்பதோ மெல்லிய பருத்தி உடை. தடுக்கி விழுந்தால் நெருப்பு அதன்மேல்தான்.

“என்னம்மா நின்னுட்டே? நட!”

பல்லைக் கடித்துக்கொண்டு இன்னும் ஓர் அடி வைத்தாள். குழந்தையின் மூச்சு கையில் பட்டது. அவ்வளவுதான். தட்டைக் கீழே போட்டுவிட்டு, கிரீடத்தை இரண்டு கையாலும் இறுகப் பிடித்துக்கொண்டு அலறினாள்.

“எனக்குக் கண்ணு தெரியல! புள்ளைய யாராவது கூப்பிடுங்களேன்!”

“ஸ்வேயா, இங்க ஓடி வா!” என்று கூர்லி கத்தினாள். குழந்தை ஓடியது.

“நிறுத்தாதே, சுத்து, சுத்து!” என்று சிக்ஸ்டன் காமிராக்காரரை விரட்டினார். ஊமைப் படம்தானே, அவள் எதைக் கத்தினால் என்ன!

பார்வை பாதிதான் திரும்பியது. அடுத்த படம் வேறொருத்திக்குப் போயிற்று.

படம் வெளியான அன்று கூர்லி அவளைக் கைபிடித்து அழைத்துப் போனாள். ராக்னில்டுக்குத் திரை வெறும் வெளிச்சமாகத்தான் தெரிந்தது. திடீரென்று அரங்கமெங்கும் விசும்பல்.

“எந்த இடம்டி?”

“நீ கத்துற இடம்க்கா.”

“நான் பேசுறதா திரையில என்ன எழுதிப் போட்டிருக்கான்?”

கூர்லி அவள் காதருகே குனிந்தாள். “‘அன்பரே, வந்துவிட்டீர்களா!’ன்னு.”

பக்கத்து இருக்கைப் பெண் மூக்கைச் சிந்தினாள். “என்னமா நடிக்கிறா பாரேன்! அந்தக் கண்ணைப் பாரு!”

ராக்னில்ட் அந்தப் பக்கம் திரும்பினாள். “அது நடிப்பு இல்லைங்க.”

“உஷ்!” என்றாள் அந்தப் பெண். “படம் பாக்க விடுங்கம்மா.”