துண்டுக்கு அடியில் ஒரு விரல்

நாச்சிமுத்து போய்விட்ட செய்தி, போன செவ்வாய்க்கிழமை பள்ளிக்கூட வாசலுக்கே வந்தது. ஜேடர்பாளையத்திலிருந்து வந்த ஆள், "வாய்ப்புத்து தின்னுபோட்டுதுங்க, வாத்தியாரே" என்றான். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. புற்றாவது, தின்றதாவது! அவன் பசியில் செத்தான். அந்தப் பழியில் அவனைத் தெரிந்த உங்களையும் என்னையும் சேர்த்துத்தான் இதை எழுதுகிறேன்.

மாட்டுச் சந்தையில் அவனைப் போல் ஒரு தரகன் கிடையாது. துண்டைப் போர்த்தி, அதற்கடியில் எதிராளியின் விரலைப் பிடித்து விலை பேசுவான். "வாயில பேசுனா பொய் கலந்துபோகும் மாப்ள, வெரலுக்குப் பொய் வராது" என்பான். ஒரே வயசு எங்களுக்கு, இருவருமே மாப்ளதான். அப்படிப்பட்டவனுக்கு வாயில் புண் கண்டதும், "தரகு பேசுன வாயி, பொய் சும்மா உடுமா?" என்று ஊர் சொன்னது. அந்த நரம்பில்லாத நாக்குகளுக்கு ஒன்றும் ஆகவில்லை, நன்றாகத்தான் இருக்கின்றன.

சென்னைப் பட்டணத்துக்கு நான்தான் கூட்டிப்போனேன். பட்டாளத்துக்காரர்கள் அடைத்துக்கொண்ட ரயிலில், சேலத்திலிருந்து நின்றுகொண்டே போனோம். புற்றைச் சுட்டெரிக்க ரேடியம் வைத்த டாக்டர் என்னிடம் தெளிவாகச் சொன்னார்: "கொஞ்ச நாளில் வாயெல்லாம் வெந்து புண்ணாகும். நோய் பரவுகிறது என்று பயப்படாதீர்கள், மருந்தின் வேலை அது, ஆறிவிடும். காரம் கூடாது. ஆறின கஞ்சி கொடுங்கள், வயிறு காயவிடாதீர்கள். இன்னும் ஒரு தடவை கட்டாயம் வரவேண்டும்."

சொன்னபடியே ஆனது. உதட்டின் உள்பக்கம் தோலுரிந்தது, நாக்கு வீங்கியது, எச்சில் விழுங்கினாலே கண்ணில் நீர் வந்தது. அவன் அண்ணன் என்ன செய்தார் தெரியுமா? "சளி கட்டியிருக்குது, மொளகுக் கசாயம் குடுத்தா அறுத்துக்கிட்டுப் போயிரும்" என்று ஊற்றினார். வெந்த புண்ணில் வேல் பாய்ச்சுவது என்பார்களே, அடப் பாவிகளா, அது இதுதான்! அதற்கப்புறம் கஞ்சிக் கிண்ணத்தைக் கண்டாலே வாயை இறுக்கி மூடிக்கொண்டான்.

"பட்டணத்து மருந்துதான் வாயைச் சுட்டுப்போட்டுது, இனி அனுப்பமாட்டேனுங்க" என்றார் அண்ணன். டாக்டர் சொன்னதைச் சொன்னேன். "அப்படீன்னா அம்மங்கிட்டப் பூக் கேட்டுப்போடலாமுங்க" என்றார். நானும் தலையாட்டினேன். சன்னதியில் இரண்டு பொட்டலம். வெள்ளைப் பூ வந்தால் பட்டணம் போகலாம், சிவப்பு வந்தால் கூடாது. படித்தவன் கை என்று என்னையே எடுக்கச் சொன்னார்கள். எடுத்தேன். பிரித்தால் அரளி, செக்கச்செவேல் என்று.

கட்டிலில் கிடந்தவனிடம், "உத்தரவு வரலை மாப்ள" என்றேன். அவனால் பேச முடியவில்லை. தோளில் கிடந்த துண்டை எடுத்து என் கைமேல் போட்டான். அதற்கடியில் என் ஆள்காட்டி விரலை இறுக்கிப் பிடித்தான். ஒன்று. இன்னும் ஒரே ஒரு தடவை. சந்தையில் எத்தனை நாள் அவன் பக்கத்தில் நின்றிருக்கிறேன், எனக்கா புரியாது? அண்ணன் பார்த்துக்கொண்டிருந்தார். "தூங்கு மாப்ள" என்று சொல்லிக் கையை உருவிக்கொண்டேன்.

அம்மன்மேல் எனக்குக் கோபமில்லை. டாக்டர் சொன்னதைக் காதால் கேட்டவன் நான் ஒருவன்தான். கேட்ட பிறகும் எதற்குப் பூவில் கை வைத்தேன்?

துண்டை அவன் மனைவி என்னிடம் கொடுத்துவிட்டாள். பெட்டியில் இருக்கிறது. ஆனால் வகுப்பில் சுண்ணாம்புக்கட்டியை எடுக்கும்போதெல்லாம் அந்த விரலில் அவன் பிடிதான். விடமாட்டேன் என்கிறான்.

விடாதே மாப்ள.