ஜோன் அன்ரி நின்ற வரிசை

வெளிநாட்டில் நாங்கள் குடியேறிய ஏவன்டேலில் எங்கள் காலைகள் பக்கத்து வீட்டு வானொலியின் அலறலோடுதான் விடிந்தன. அங்கே குடியிருந்த உள்ளூர்க்காரி ஜோன் அன்ரிக்குக் காது மந்தம். இரண்டாம் உலகப்போரின்போது ஆண்களெல்லாம் போர்முனைக்குப் போய்விட, இருபது வயதில் ஓர் இரும்புப் பட்டறைக்குள் நுழைந்து, பழுக்கக் காய்ச்சிய ஆணிகளைச் சம்மட்டியால் அறைந்து கப்பல் தகடுகளைப் பொருத்தியவர் அவர். அந்தச் சத்தம்தான் காதைத் தின்றது. போர் முடிந்ததும், திரும்பி வந்த ஓர் ஆணுக்கு வேலை பழக்கிக் கொடுக்கச் சொல்லி, பழக்கி முடிந்த கையோடு அன்ரியை வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள்.

யாழ்ப்பாணத்துச் சண்டைக்குத் தப்பி எங்களைக் கூட்டிவந்த அம்மா இதைக் கேட்டுவிட்டு, “சண்டைக்குள்ள பொம்பிளை வேணும், முடிஞ்சா அடுப்படிக்குத் துரத்துறது. எங்க போனாலும் உந்தக் கதைதான்” என்று பொருமினார்.

எண்பதுகளின் கடைசியில் அந்தப் பட்டறையை மூடினார்கள். பழைய ஆட்களை அழைத்து ஒன்றாகப் படம் எடுக்கப்போவதாகச் சொன்னார்கள். அன்ரிக்கும் அழைப்பு வந்தது, ஆனால் பெண்கள் ஒரு ‘பிளேற்’ கொண்டுவர வேண்டுமாம், அதாவது வீட்டில் செய்த பலகாரம். “நான் அங்கே கேக்கா சுட்டேன்?” என்று சீறியவர், வெறுங்கையோடு அம்மாவின் காரில் ஏறினார். நானும் தொற்றிக்கொண்டேன்.

பட்டறையில் வேலை செய்தவர்கள் படத்துக்காக வாசற்படியில் ஏறலாம் என்றதும் அன்ரி போய் முன்வரிசையின் நடுவில் நின்றார். “மனைவிமாருக்கு அடுத்த படம்” என்றார் கழுத்துப்பட்டி கட்டிய மேலாளர். அன்ரி காதில் விழாததுபோல் நின்றார். மேலாளர் இன்னும் உரக்கக் கத்தினார். அன்ரி அசையவில்லை. வெளியாட்கள் முன்னால் குரலே உயர்த்தாத அம்மா, கீழே நின்று, தெரிந்த ஆங்கிலத்தையெல்லாம் திரட்டி, “ஷீ வேர்க்கர்! ஷீ வேர்க்கர்!” என்று கத்தினார். அத்தனை பேரில் ஒருவராவது “ஓம், இவவும் எங்களோடு நின்றவதான்” என்று வாய் திறக்கவில்லை. கடைசியில் அலுத்துப்போய்ப் படத்தை எடுத்தார்கள். நாங்கள் தேநீருக்கு நிற்கவில்லை.

அன்ரி இப்போது இல்லை. பட்டறை நின்ற இடத்தில் கடைத்தொகுதி. போன மாதம் அங்கே கோப்பிக்கடைச் சுவரில் அந்தப் படத்தை ஆளுயரத்துக்குப் பெருப்பித்து மாட்டியிருந்ததைக் கண்டேன். நடுவில் கைகளைக் கட்டிக்கொண்டு அன்ரி. கீழே, ‘இங்கு உழைத்த ஆண்கள்’ என்று கொட்டை எழுத்தில். கடைக்காரரைக் கூப்பிட்டு, அந்தப் பெண் யார் தெரியுமா என்று கேட்டேன்.

“யாராவது ஒருவருடைய மனைவியாக இருக்கும்” என்று சிரித்தார்.

ஜோன் அன்ரி கடைசிவரை கல்யாணமே கட்டவில்லை.