சோதிலிங்கத்தின் டிரம்மில் வருபவர்கள்

தொலைக்காட்சிக்குப் போன கடிதத்தில் பெயர் இல்லை. செவ்வாய்க்கிழமை மத்தியானம், ஒஸ்லோவின் ஸ்டோவ்னரில் தான் ஓட்டும் பேருந்தை நிறுத்திவிட்டுத் தேநீர்ப் போத்தலைத் திறந்துகொண்டிருந்த சோதிலிங்கத்துக்கு ஜோனாஸ் தொலைபேசியில் சொன்ன முதல் செய்தி அதுதான். ஜோனாஸ் ஒரு நகைச்சுவை நிகழ்ச்சியின் தயாரிப்பாளன், முப்பது வயது நோர்வேக்காரன்.

"எங்கள் நிகழ்ச்சி ஆசிரியர் பயப்படுகிறார்," என்றான். "உங்கள் ஆட்களை அவர்கள் சம்மதமில்லாமல் பகிடி பண்ணுகிறீர்கள் என்று எழுதியிருக்கிறது. சனிக்கிழமை பதிவு, அன்றிரவே ஒளிபரப்பு. யார் எழுதியது, அவருக்கு என்ன மனத்தாங்கல் என்று வெள்ளிக்கிழமைக்குள் தெரிய வேண்டும். தெரியாவிட்டால் நிகழ்ச்சியில் உங்களுக்கு ஒதுக்கிய ஐந்து நிமிடத்தை வேறொருவருக்குக் கொடுத்துவிடுவார்கள்."

சோதிலிங்கம் போத்தலை மூடினார். கண்ணாடியில் பின் இருக்கைகளைப் பார்த்தார். இரண்டு கிழவிகளும் ஒரு நாயும் இருந்தார்கள். நாயைத் தவிர மற்றவர்கள் மேல் ஒரு கணம் சந்தேகம் வந்தது.

ஐம்பத்தாறு வயது மனிதருக்கு ஐந்து நிமிடத்தில் அப்படி என்ன என்று கேட்கலாம். அவர் 1988இல் யாழ்ப்பாணத்திலிருந்து வந்தவர். படிக்க என்று விசா எடுத்து வந்த பள்ளியின் நிலவறையில் ஒருவரும் தொடாத டிரம் செட் ஒன்று கிடந்தது. படிப்பு ஏறவில்லை, டிரம் ஏறியது. பிறகு வடக்கே ஃபின்மார்க்கில் மீன் ஆலை வேலை. அங்கே மேற்பார்வையாளர் ஒருவர் இருந்தார். பெரிய பூட்ஸ், சின்னக் குரல். டிசம்பரில் ஆலை கொடுத்த நத்தார் விருந்தில் சோதிலிங்கம் அவரது நடையைப் பேஸ் டிரம்மிலும், கத்தலைச் சின்ன டிரம்மிலும் வாசித்துக் காட்டினார். ஆலையே மேசையில் விழுந்து சிரித்தது. கடைசியாகச் சிரித்தவர் அந்த மேற்பார்வையாளர்.

அன்று பிடித்த தொழில்தான். வாய் திறக்கமாட்டார். ஆட்களின் பேச்சை அப்படியே டிரம்மில் இறக்குவார். ஒஸ்லோவுக்கு வந்து 'பனிமலர்' இசைக்குழுவில் சேர்ந்த முதல் வருடம், பாடகர் வரவேண்டிய விமானம் தாமதமாகிவிட்டது. மண்டபத்தில் அறுநூறு பேர், கொறிக்கக் கொடுத்த றோல்ஸ் முடிந்துவிட்டது, பிள்ளைகள் மேடைக்கு ஏறத் தொடங்கிவிட்டார்கள். சோதிலிங்கம் தனியாக உட்கார்ந்து நாற்பது நிமிடம் கூட்டத்தைப் பிடித்து வைத்தார். அதற்குப் பிறகு கலியாணமோ, பெண்பிள்ளை பெரியவளான சாமத்தியவீடோ, பாட்டுக்கு நடுவே அவருடைய பத்து நிமிடம் இல்லாமல் நிகழ்ச்சி இல்லை. சாப்பாட்டு வரிசையில் வந்து, "அது ஆர் அண்ணை?" என்று காதைக் கடிப்பார்கள். அவர் சொன்னதே இல்லை. அதனால் ஒவ்வொருவருக்கும் பக்கத்தில் நிற்பவர் மேலும் சந்தேகம், தன் மேலும் சந்தேகம்.

அவருடைய உருப்படிகளில் பெரிய சிரிப்பு வாங்குவது 'வாசல்'. கணவன் வெளியே புறப்படுகிறான். மனைவி சுருக்கமாக இரண்டு கேள்வி கேட்கிறாள். பிறகு ஒரு நிசப்தம். அவன் தப்பினோம் என்று சப்பாத்தைப் போடும்போது நீளமான மூன்றாவது கேள்வி வந்து விழும். மண்டபத்தில் இருக்கிற ஆண்கள் எல்லாரும் திரும்பித் தங்கள் மனைவியைப் பார்ப்பார்கள். இந்த உருப்படி எங்கிருந்து வந்தது என்று சோதிலிங்கம் யோசித்ததில்லை. கை தானாக வாசிக்கும்.

ஒஸ்லோவுக்கு அருகே லோரென்ஸ்கூக்கில் நிரோஜா என்ற பிள்ளையின் சாமத்தியவீட்டில் அவளது பள்ளித் தோழி ஒருத்தி இதைப் படம் பிடித்து இணையத்தில் போட்டாள். ஜோனாஸ் தேடி வந்தது அதைப் பார்த்துத்தான். இனி ஐந்து நிமிடம், நாடு முழுவதும், தமிழர் அல்லாத கண்களுக்கு முன்னால்.

அதற்குத்தான் மொட்டைக் கடிதம்.

மொட்டைக் கடிதம் எப்படி வேலை செய்யும் என்பது சோதிலிங்கத்துக்கு நன்றாகத் தெரியும். இருபது வருடத்துக்கு முன் போட்டிக் குழு ஒன்று மண்டபத்தை முந்திப் பதிவு செய்துகொண்டபோது, 'சத்தம் தாங்க முடியவில்லை, கவலையுள்ள ஓர் அயலவர்' என்று மண்டபக்காரருக்கு எழுதியவரே அவர். நோர்ஸ்க், அதாவது நோர்வே மொழி, எழுத வராததால் அவர் சொல்லச் சொல்ல மனைவி வசந்தமலர் தட்டிக் கொடுத்தாள். ஆகவே பெயரில்லாத தாளுக்குப் பின்னால் எப்போதும் தெரிந்த முகம் ஒன்றுதான் இருக்கும் என்பதில் அவருக்குச் சந்தேகமில்லை. எந்த முகம் என்பதில்தான்.

முதலில் குழுவில் கீபோர்ட் வாசிக்கும் பிரவீனன். அவன் இங்கேயே பிறந்தவன். நோர்ஸ்க் தண்ணீர் மாதிரி. 'ரீவிக்கு எங்களையும் கூப்பிடுவினமோ?' என்று மூன்று தரம் கேட்டிருந்தான்.

"சோதியண்ணை, விசரே உங்களுக்கு?" என்றான் தொலைபேசியில். "நான் எழுதிறதெண்டால் ஏஐயிட்டைக் குடுத்திருப்பன். அது ஒழுங்காப் பேரும் போட்டு, 'அன்புடன்' எண்டும் முடிச்சிருக்கும்."

அடுத்தவர் குணசிங்கம், தமிழ்ச் சங்கத்தின் முன்னாள் தலைவர். மூன்று தரம் செருமிவிட்டு 'அன்பார்ந்த' என்று தொடங்கும் அவரது பேச்சை சோதிலிங்கம் எட்டு வருடம் டிரம்மில் வாசித்திருக்கிறார். புதன் பின்னேரம் ஸ்ட்ரோம்மன் கடைத்தொகுதியின் கோப்பிக் கடையில் ஆளைப் பிடித்தார்.

"வாரும் சோதி, ஸ்டாராகப் போறீராம்."

"உங்களுக்கு ஆர் சொன்னது?"

"ஏன், நான் கேள்விப்படக் கூடாதோ? சிட் நெட், இரும்."

சோதிலிங்கம் பாதிக் கதிரையில் இருந்தார். "அண்ணை, கோவிக்கக் கூடாது. ரீவிக்காரருக்கு ஒரு மொட்டைக் கடிதம் போயிருக்கு. நான் உங்கடை பேச்சை வாசிக்கிறது உங்களுக்கு மனவருத்தமோ எண்டு..."

குணசிங்கம் கோப்பையை வைத்தார். செருமினார், மூன்று தரம். "நீர் என்னைக் கடைசியா வாசிச்சு ரெண்டு வருசம், தெரியுமோ? நானே உம்மட்டைக் கேக்க இருந்தனான். நீர் வாசிக்கத் தொடங்கினாப் பிறகுதான் நான் தலைவரா வந்தனான். நீர் நிப்பாட்டின வருசம் தோத்தனான். நான் கடிதம் எழுதினால், 'குணசிங்கத்தை ஏன் விட்டனீர்' எண்டு பேர், விலாசம், ரெலிபோன் நம்பர் எல்லாம் போட்டெல்லோ எழுதுவன்!"

சோதிலிங்கம் கோப்பி குடிக்காமலே எழுந்தார். போகும்போது குணசிங்கம் பின்னால் கூப்பிட்டார். "சனிக்கிழமை என்னைப் போடுவீரோ?"

வியாழன் காலை ஜோனாஸ் கடிதத்தையே அனுப்பிவிட்டான். ஸ்டோவ்னரில் ஓய்வு நேரத்தில், ஸ்டியரிங் மேல் தொலைபேசியை வைத்து வாசித்தார். திருத்தமான நோர்ஸ்க்.

'இந்த மனிதரை உங்களுக்குத் தெரியுமா? யாரை வாசிக்கிறார் என்று கேட்டீர்களா?'

கீழே ஒரு வரி வெறுமையாக இருந்தது. அதற்குக் கீழே:

'அந்த ஒருவருக்குச் சம்மதமா என்று விசாரிக்காமல், திங்கட்கிழமை அவர் வேலைக்குப் போகவேண்டுமே என்றும் யோசிக்காமல், நாடே பார்க்கும் நிகழ்ச்சியில் அதை எப்படிப் போடப் போகிறீர்கள்?'

இரண்டாம் தரம் வாசித்தபோது விரல்கள் ஸ்டியரிங்கில் தட்டத் தொடங்கின. சின்னதாக ஒன்று. சின்னதாக இன்னொன்று. நிசப்தம். பிறகு நீளமாக...

விரல் நின்றது. பேருந்து அன்றைக்கு நான்கு நிமிடம் பிந்திப் புறப்பட்டது.

அன்று பின்னேரம் வசந்தமலர் கதவைத் திறந்தாள். சிறுவர் பள்ளியில், அவர்கள் சொல்கிற பார்னஹாகெயில், பதினெட்டு வருடமாக வேலை செய்பவள். இன்னும் வேலைச் சட்டையோடு இருந்தாள்.

"வந்திட்டியளோ? சாப்பிட்டனீங்களோ?"

அவர் சப்பாத்தைக் கழற்றிக்கொண்டு காத்திருந்தார். அவள் குசினிப் பக்கம் நடந்து, நிலையில் கை வைத்துத் திரும்பினாள்.

"அந்தக் கடிதம் எழுதின ஆளைப் பிடிக்கிறனெண்டு ஊரெல்லாம் திரியிறியளாம், பிடிச்சா என்ன செய்யிறதா உத்தேசம்?"

"பிடிச்சிட்டன், மலர்."

அவள் நிலையிலிருந்து கையை எடுத்தாள்.

"பேர் போடாமல் எழுதிற பழக்கம் உமக்கு எங்கையிருந்து வந்தது?"

"எப்பிடி எழுதிறதெண்டு நீங்கள்தானே காட்டித் தந்தனீங்கள்."

அவர் கழற்றிய சப்பாத்துகளைச் சுவரோரம் அடுக்கி வைத்தார்.

"என்னட்டைச் சொல்லியிருக்கலாமே?"

"சொன்னால்? 'அது நீர் இல்லை, பொதுவாத்தான்' எண்டுவியள். பதினைஞ்சு வருசமா மண்டபத்திலை பின் வரிசையிலை சாமான் பையளைக் காவல் காத்துக்கொண்டு நானும் சேந்து சிரிக்கிறன். எங்கடை சனத்துக்கு அது ஆரெண்டு தெரியாது. எண்டு நான் நினைக்கிறன். பார்னஹாகெயிலை அப்பிடியில்லையப்பா. உங்கடை பொஞ்சாதி நான் ஒருத்திதான் எண்டு என்னோடை வேலை செய்யிற பதினொரு பேருக்கும் தெரியும். திங்கக்கிழமை நான் வாய் திறந்து ரெண்டு கேள்வி கேட்டால் மூண்டாவதுக்குக் காத்துக்கொண்டு நிப்பினம்."

"சரி, 'வாசலை' விடுறன்."

"நீங்கள் விட்டாலும் உங்கடை கை விடாது. நான் வந்து பாக்கிறன்."

வெள்ளிக்கிழமை அவர் ஜோனாஸிடம் உண்மையைச் சொன்னார். "எழுதியது என் மனைவி. அந்த உருப்படியை எடுத்துவிட்டேன்." ஜோனாஸ் முதலில் சிரித்தான். பிறகு, "இந்தக் கதையையும் மேடையில் சொல்லலாமா?" என்றான்.

"வேண்டாம். இன்னொரு கடிதம் வரும்."

சனி மத்தியானம் பதிவு. வசந்தமலர் மூன்றாவது வரிசையில், கைப்பை மடியில், கைகள் பை மேல். சோதிலிங்கம் மீன் ஆலை மேற்பார்வையாளரை வாசித்தார், சிரிப்பு வந்தது. குணசிங்கத்தையும் செருமலோடு வாசித்தார். அவரை அறியாதவர்களும் சிரித்தார்கள். பிறகு 'வாசல்' இருந்த இடம். அங்கே அவர் தன்னையே வைத்திருந்தார். பேருந்துக் கண்ணாடியில் ஒவ்வொரு பயணியாகச் சந்தேகப்படும் சாரதி. கழுத்து திரும்புவது ஒரு சிம்பல், சந்தேகம் ஒரு சின்ன உருட்டல். அதற்கும் சிரித்தார்கள். முடிக்கும் நேரம் கை பழைய பாதைக்கு இழுத்தது. சின்னதாக ஒன்று விழுந்தேவிட்டது. குச்சிகளை அந்தரத்தில் பிடித்துக்கொண்டு நான்கு எண்ணும் வரை அப்படியே இருந்தார். கண் மூன்றாவது வரிசைக்குப் போனது. பிறகு குச்சிகளைக் கீழே வைத்தார். அன்று வந்த பெரிய கைதட்டல் அந்த நிசப்தத்துக்குத்தான்.

திரும்பும்போது டி-பானெ மெட்ரோ ரயிலில் கூட்டம் இல்லை. பக்கத்துப் பக்கத்தில் இருந்தார்கள். நாலைந்து நிறுத்தங்கள் போயின.

"கடைசியிலை கையைத் தூக்கிக்கொண்டு இருந்தனீங்களே, அது ஆர்?"

"ஒருத்தருமில்லை."

"ஒருத்தருமில்லையோ?"

வசந்தமலர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். வீட்டுக்கு இறங்கவேண்டிய ஸ்டோவ்னர் வந்தது. அவர் எழுந்து டிரம் குச்சிப் பையைத் தோளில் மாட்டினார். கதவு திறந்தது.

"ஒருத்தருமில்லையெண்டால், அவ்வளவு சனத்துக்கை, அந்த நேரம் பாத்து என்னை மட்டும் ஏனப்பா பாத்தனீங்கள்?"

சோதிலிங்கம் தட்டத் தொடங்கிய இரண்டு கைகளையும் ஜாக்கெட் பைக்குள் ஆழமாக விட்டுக்கொண்டு நடைமேடையில் இறங்கினார்.