நாற்பது மீட்டர் சுருள்

நண்பர்களே, கையில் மண்ணோடு ஆபீஸ் கம்ப்யூட்டரில் தட்டுகிறேன்.

இன்று அக்ரஹாரத்தில் ஒரு பூக்கடை வாசலைத் தோண்டினோம். நாங்கள் புதைத்த ஃபைபர் கேபிள் எங்கோ அறுந்துவிட்டது. ஒரு முனையில் ஒளியை அனுப்பி, அறுந்த தூரத்தைச் சொல்லும் கருவி அறுநூற்று நாற்பது மீட்டர் என்றது. தெருவில் டேப் பிடித்து அளந்து, அங்கே ஆட்களைத் தோண்ட வைத்தேன்.

கேபிள் புது மாப்பிள்ளை மாதிரி அலுங்காமல் படுத்திருந்தது.

"மெஷின் பொய் சொல்லாது. இன்னும் தோண்டுங்க" என்றேன்.

பூக்கார ஜெயம்மா தொடுப்பதை நிறுத்தினார். "சும்னே ஏன் சார் தோண்டுறீங்க? போன மாசம் நீங்கதானே குழிக்குக் குழி ஒயரைச் சுருட்டி வெச்சீங்க? அதைக் கழிச்சீங்களா? கூடையில சுருட்டி வெச்ச பூவும் சேர்ந்துதானே மொழக் கணக்கு?"

நான்கு குழி, குழிக்குப் பத்து மீட்டர். பின்னால் அறுந்தால் இழுத்து ஒட்ட உதவும் என்று நானே பெருமையாகச் சுருட்டியது.

நாற்பது மீட்டர் பின்னால் போனோம். புதிதாக நட்ட விளக்குக் கம்பத்தின் அடியில் அறுந்து கிடந்தது. காலையில் நான் ஸ்கூட்டரை நிறுத்தியதும் அதே கம்பத்தடியில்தான்.

கிளம்பும்போது ஜெயம்மா கருவியின் விலையைக் கேட்டார். மறந்துவிட்டது என்றேன். என்னைத் தெரிந்தவர்கள் தயவுசெய்து அந்தக் கடையில் பூ வாங்காதீர்கள்; பூவோடு இந்தக் கதையும் சேர்ந்து வரும்.