மூன்றாவது முறை போன வீடு

என் பழைய குறிப்பேட்டில் அந்த வீட்டின் எண் மூன்று இடங்களில் இருக்கிறது. செவ்வாய் காலை 11.15, சனி மாலை 4.00, அதற்கடுத்த வியாழன் காலை 9.40. அந்தத் தெருவில் மற்ற எல்லா வீடுகளும் ஒரே வருகையில் முடிந்தவை. கிழமையும் மணியும் குறித்துவைத்து எதையும் விதிப்படி செய்வது எனக்குப் பள்ளிக்கூட நாளிலிருந்தே பழக்கம். இந்த வேலையில் அது எனக்கு நல்ல பெயர் வாங்கித் தந்தது. அந்த ஒரு வீட்டுக்கு மட்டும் அது கெடுதலாகப் போனது.

மதுரையிலும் சுற்றியுள்ள ஊர்களிலும் வீடு வீடாகப் போய்க் கேள்வி கேட்கும் சர்வே வேலையில் இருபத்தாறு ஆண்டுகள் இருந்தேன். குழந்தைகளின் எடை, குடிநீர், கழிப்பறை, கருத்தடை என்று கேட்காத கேள்வி இல்லை. கடைசி ஒன்பது ஆண்டுகள் பெண்கள் அணிக்கு சூப்பர்வைசர். இப்போது ஓய்வு. இந்த வேலைக்குப் புதிதாக வரும் பெண்களுக்காக இதை எழுதுகிறேன். ஊரின் பெயரை எழுதமாட்டேன். சோழவந்தான் போகிற சாலையில், வெற்றிலைக் கொடிக்கால்களைத் தாண்டி ஒரு ஊர். அது போதும்.

1. புதிய கேள்விகள்

கொரோனா ஓய்ந்த சமயம். ஒரு தனியார் ஆய்வு நிறுவனத்தின் வேலை. மண வாழ்க்கையும் உடல்நலமும் பற்றியது. அதுவரை எந்தப் படிவத்திலும் நாங்கள் பார்த்திராத சில கேள்விகள் அதில் இருந்தன. கணவர் அல்லாத வேறு ஒருவருடன் உறவு உண்டா? உண்டென்றால் கணவருக்குத் தெரியுமா? தெரியுமென்றால் சம்மதித்தாரா? கடைசியில் ஒரு கருத்துக் கேள்வி: கணவனும் மனைவியும் ஒருவருக்கொருவர் சொல்லிவிட்டு வேறு உறவு வைத்துக்கொள்வது சரியா, தவறா?

பயிற்சி வகுப்பில் இதைப் படித்ததும் பின்வரிசையிலிருந்து ஜோதி எழுந்தாள். என் அணியில் நன்றாக வேலை செய்கிற பெண் அவள்.

"ஏக்கா, சம்மதம் வாங்கிட்டா போறாய்ங்க? லீவு லெட்டர் எழுதிக் குடுத்துட்டுப் போவாய்ங்களோ?"

வகுப்பே சிரித்தது. நானும் சிரித்தேன்.

களத்தில் யாரும் அப்படிச் சிரிக்கவில்லை. ஒரு பெண் காறித் துப்பிவிட்டு, "இம்புட்டுப் படிச்சுட்டு இதையா கேக்க வந்தீங்க?" என்றாள். இன்னொருத்தி கதவைச் சாத்திவிட்டு வந்து தாழ்ந்த குரலில் சொன்னாள்: "சொல்லாமப் போறவனுக்கு ஊர்ல ஒரு கொறையும் இல்லக்கா. சொல்லிட்டுப் போனாத்தான் கேவலமாம்."

ஒரு வீட்டு வாசலில் நாற்காலி போட்டுப் பேப்பர் படித்துக்கொண்டிருந்த பெரியவர், நாங்கள் கேட்காமலே கருத்துச் சொன்னார். "அதெல்லாம் பெங்களூருல கம்ப்யூட்டர் கம்பெனிக்காரய்ங்க பண்றது. நம்ம பக்கம் ஏது?" இரண்டு தெரு தள்ளி அவருக்கு இன்னொரு குடும்பம் இருந்தது. ஊருக்கே தெரியும். அவர் மனைவி உள்ளேயிருந்து, "அங்கிட்டு ஒண்ணு இருக்குல்ல, அது என்னவாம்?" என்றார். பெரியவர் பக்கத்தைத் திருப்பிக்கொண்டே, "அது வேற," என்றார்.

பழைய மாவட்ட ஆவணங்களைப் படிக்கிற ஆசை எனக்கு உண்டு. அவற்றிலும் இந்த 'அது வேற' இருக்கிறது. ஆணின் இரண்டாவது வீடு சொத்துத் தகராறில் வரும். பெண்ணின் இரண்டாவது மனிதன் கொலை வழக்கில் வருவான்.

2. பதினேழாம் எண்

செவ்வாய்க்கிழமை பதினேழாம் எண் வீட்டில் கேள்வி கேட்டவள் ஜோதி. நான் பக்கத்து வீட்டில் இருந்தேன். வெளியே வந்தவள் முகத்தில் வழக்கமான கேலி இல்லை.

"அக்கா, இந்த வீட்ல எல்லாத்துக்கும் ஆமாங்குறாங்க. உறவு இருக்கா, ஆமா. புருசனுக்குத் தெரியுமா, ஆமா. சம்மதமா, ஆமா. சண்டை வருதா? இல்லையாம். நான் டேப்லெட்ல ஏதும் தப்பா அமுக்கிட்டேனான்னு பயமா இருக்கு."

அந்தப் பெண்ணைப் பரிமளா என்று வைத்துக்கொள்கிறேன். முப்பத்தாறு வயது. டவுனில் ஒரு தையல் யூனிட்டில் ஷிப்ட் வேலை. கணவருக்கு டூவீலர் ஸ்பேர் பார்ட்ஸ் கடை. ஒரே மகள், ஏழாம் வகுப்பு. மாமியாரும் அதே வீட்டில்தான். பகலில் கொடிக்காலுக்கு வெற்றிலை கிள்ளப் போய்விடுவார்.

படிவத்தில் சந்தேகம் வந்தால் சூப்பர்வைசர் நேரில் சரிபார்க்க வேண்டும் என்பது விதி. சனிக்கிழமை நான் தனியாக என் ஸ்கூட்டியில் போனேன். மாமியார் இல்லை. மொட்டை மாடியில் துணி காயப்போட்டுக்கொண்டே பரிமளா பேசினார்.

"மொதல்ல அவருதான்க்கா. எனக்குத் தெரிஞ்சப்ப ஒரு வருசம் அழுதேன். ஒரே வீட்ல பேசாமக் கெடந்தோம். பெறகு ஒரு நாள் உக்காந்து பேசினோம். பொய் மட்டும் வேணாம்னு முடிவு பண்ணோம். இப்ப எனக்கும் ஒருத்தர் இருக்காரு. அவருக்குத் தெரியும். ஒளிச்சு வச்சிருந்தப்பதான் சண்டையெல்லாம். இப்ப இல்ல."

"வருத்தம் இல்லையா?" படிவத்தில் இல்லாத கேள்வியைக் கேட்டுவிட்டேன்.

"இருக்கும்ல. வருத்தமே இல்லாத வீட்ட நீங்க எங்கயாச்சும் பாத்திருக்கீங்களா?" சிரித்தார். "உங்க ஆம்பள ஆளு ஒருத்தரு கடையில வச்சு அவருகிட்டயும் கேட்டிருக்காரு. 'உள்ளதச் சொல்லிட்டேன் பரி'ன்னாரு. நானும் சொல்லிட்டேன்னேன். ரெண்டு பேரும் சிரிச்சோம். வெளி ஆளுகிட்ட நாங்க வாயத் தொறந்தது அதான் மொதத் தடவ."

நான் டேப்லெட்டில் 'சரிபார்க்கப்பட்டது' என்று பதிந்துவிட்டு வந்தேன். அங்கேயே இது முடிந்திருக்க வேண்டும்.

3. எரர் ரிப்போர்ட்

தினமும் பதிவாகிற படிவங்களைத் தலைமை அலுவலகத்தில் ஒரு புரோகிராம் சோதித்து, ஒன்றுக்கொன்று பொருந்தாத பதில்களைத் திருப்பி அனுப்பும். எரர் ரிப்போர்ட் என்போம். திங்கட்கிழமை அதில் பதினேழாம் எண் இருந்தது. டேட்டா மேனேஜர் போனில் பேசினார்.

"மேடம், வேற உறவு இருக்கு, புருஷனுக்குத் தெரியும், சண்டை இல்ல, மண வாழ்க்கை திருப்தி. இந்த நாலும் ஒரே ஃபார்ம்ல வராது மேடம். எங்கேயோ தப்பு நடந்திருக்கு."

"நான் நேர்ல போய்க் கேட்டுட்டேன் சார். அப்படித்தான் சொல்றாங்க."

"இன்னொரு தடவ கேட்டுருங்க. முடியலன்னா திருப்திங்கிற எடத்துல 'பதில் இல்லை'ன்னு போட்டு க்ளோஸ் பண்ணிருங்க."

ஆண்கள் அணியின் சூப்பர்வைசர் முருகேசன் அண்ணனிடம் இதைச் சொன்னேன். பெரிதாகச் சிரித்தார். "தங்கச்சி, எனக்கு வாரா வாரம் இந்த மாதிரி நாலு திரும்பி வரும். நான் அங்கிட்டு எட்டிக்கூடப் பாக்க மாட்டேன். 'மறுபடி விசாரித்தேன்'னு எழுதிட்டு டீ குடிக்கப் போயிருவேன். நீயும் போட்டு விட்டுட்டு வா."

அன்றைய குறிப்பில் அவரைப் பற்றி 'நேர்மை இல்லை' என்று எழுதியிருக்கிறேன். இருபத்தாறு ஆண்டுகளில் போகாத வீட்டுக்குப் போனதாக நான் ஒரு வரி எழுதியதில்லை. சொன்ன பதிலை மாற்றியதும் இல்லை. அந்தப் பெருமையில்தான் வியாழக்கிழமை கிளம்பினேன். ஸ்கூட்டி சர்வீஸில் இருந்ததால், அந்தப் பக்கம் போன எங்கள் வேனில் ஏறிக்கொண்டேன். முன்னால் சர்வே போர்டு மாட்டிய வேன். தெருமுனையில் நிறுத்தி இறக்கிவிட்டார்கள்.

முழங்கால் வலி என்று மாமியார் அன்று கொடிக்காலுக்குப் போகவில்லை. வாசலிலேயே என்னை நிறுத்தினார்.

"ஏத்தா, எதிர்த்த வீட்டுக்கு ஒருக்கா வந்தீங்க. பக்கத்து வீட்டுக்கு ஒருக்கா. எங்க வீட்டுக்கு மட்டும் மூணு தடவையா? தெருவே பேசுது. அப்படி என்ன இருக்கு இங்க?"

"ஒரு பதில் விட்டுப்போச்சும்மா."

"என்ன பதிலு? எங்கிட்டக் கேளு. இந்த வீட்ல எனக்குத் தெரியாதது எது?"

"இல்லம்மா, மருமககிட்டதான் கேக்கணும். தனியாத்தான் கேக்கணும்."

தனியாகக் கேட்க வேண்டும் என்பது பதில் சொல்பவரைக் காப்பாற்றுவதற்காக எழுதப்பட்ட விதி. நான் அதைச் சொன்னபோது அந்த அம்மாவின் கண் என்னை விட்டு மருமகளிடம் போனது. பரிமளா அடுப்பை அணைத்துவிட்டு வந்து நின்றார். மாடிக்குப் போனோம். அங்கே எங்கள் பேச்சு ஒரு நிமிடம்கூட இல்லை.

"அதே பதில்தான்க்கா. போயிருங்க."

வேனில் ஏறியதும் 'மீண்டும் உறுதி செய்யப்பட்டது' என்று பதிந்தேன். அலுவலகம் ஏற்றுக்கொண்டது.

4. ஞாயிற்றுக்கிழமைக் கூட்டம்

மறுவாரம், சர்வேக்காக எடுத்த ரத்தப் பரிசோதனையின் முடிவுச் சீட்டுகளைக் கொடுப்பதற்காக அந்தத் தெருவுக்குப் போன ஜோதி, அழுதுகொண்டு திரும்பி வந்து அங்கே கேட்டதைச் சொன்னாள்.

நான் வந்துபோன அன்று மத்தியானமே மாமியார் எதிர் வீட்டுக்குப் போயிருக்கிறார். 'உங்கிட்ட என்னத்தக் கேட்டாய்ங்க?' என்று விசாரித்திருக்கிறார். எதிர் வீட்டுப் பெண் வேடிக்கையாக ஒவ்வொரு கேள்வியாகச் சொல்லி, கடைசியில் அந்தக் கேள்வியையும் சொல்லியிருக்கிறாள். அதற்கு மேல் அந்த அம்மாவுக்கு யாரும் எதுவும் விளக்க வேண்டியிருக்கவில்லை. மருமகளின் போனை வாங்கிப் பார்த்துவிட்டார். அந்த இன்னொருவரோடு பேசியதெல்லாம் அதில் இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை உறவுக்காரர்கள் கூடினார்கள். பரிமளாவின் கணவரிடம் ஒரே கேள்விதான் கேட்டார்களாம். "உனக்கு இது தெரியுமா, தெரியாதா?" தெரியும் என்றால் ஊரில் தலைகாட்ட முடியாது, ஆண்பிள்ளையா என்பார்கள். அவர் தரையைப் பார்த்துக்கொண்டு, "எனக்குத் தெரியாது," என்றார். அவருடைய உறவைப் பற்றி யாரும் கேட்கவில்லை. பரிமளாவைக் கீழக்குயில்குடிப் பக்கம் இருக்கும் தாய் வீட்டுக்கு அனுப்பினார்கள். மகளைத் தரவில்லை.

5. அவர் கேட்டது

மாட்டுத்தாவணி பஸ் ஸ்டாண்ட் அருகில் ஒரு மாடியில் எங்கள் அலுவலகம் இருந்தது. பரிமளா ஒரு புதன்கிழமை பகல் மூன்று மணிக்கு அங்கே வந்தார். தண்ணீர் கொடுத்தேன். குடிக்கவில்லை.

"நான் அந்த வீட்டுக்குத் திரும்பப் போகணும்னு கேக்கலக்கா. நான் ஒளிச்சு மறைச்சுத் தப்புப் பண்ணேன்னு எம்மககிட்டச் சொல்லி வச்சிருக்காங்க. அப்பாவுக்குத் தெரியும்டின்னு நான் சொன்னா நம்ப மாட்டேங்குறா. போன வச்சுடுறா. அவரு உங்க ஆளுகிட்டச் சொன்னது உங்க மிஷின்ல இருக்கும்ல? நீங்க வந்து எம்மககிட்ட ஒரு வார்த்தை சொல்லுங்க. அவ ஒருத்திகிட்ட மட்டும் போதும்."

"அவரு சொன்னத வெளிய சொல்ல மாட்டோம்னு அவருக்கு வாக்குக் குடுத்திருக்கோம்மா. சம்மதப் படிவத்துல கையெழுத்து இருக்கு."

"எனக்கும் குடுத்தீங்கள்ல?"

"உங்களப் பத்தி நாங்க யாருகிட்டயும் எதுவும் சொல்லலையேம்மா."

"சொல்லல," என்றார். "மூணு தடவ வந்தீங்க."

கீழே கண்டக்டர்கள் திருச்சி, திருநெல்வேலி என்று கூவிக்கொண்டிருந்தார்கள். முடியாது என்று நான் வாயால் சொல்லவில்லை. அவரே புரிந்துகொண்டு எழுந்து போனார். அன்று மாலை அவர் கணவரின் படிவத்தைத் திறந்து பார்த்தேன். என்ன இருந்தது என்று அன்றும் யாரிடமும் சொல்லவில்லை, இங்கேயும் எழுதமாட்டேன்.

6. அடிக்குறிப்பு

பதினான்கு மாதம் கழித்து ஆய்வறிக்கை தபாலில் வந்தது. துணைவரின் சம்மதத்தோடு வேறு உறவு என்ற கேள்விக்கு அட்டவணையே இல்லை. போதிய பதில்கள் கிடைக்காததால் சேர்க்கப்படவில்லை என்று பொடி எழுத்தில் ஓர் அடிக்குறிப்பு. டேட்டா மேனேஜருக்குப் போன் செய்து பதினேழாம் எண்ணைக் கேட்டேன். அவர் தேடிப் பார்த்துவிட்டுச் சொன்னார்.

"அதுவா மேடம்? டேட்டா க்ளீனிங்ல நீக்கிட்டோம். பதில்கள் பொருந்தல."

பயிற்சிக்கு வருகிற பெண்கள் இன்றும் என்னிடம் கேட்கிறார்கள்: "அக்கா, நம்ம பக்கம் இது எம்புட்டு இருக்கும்?" என்னிடம் எண் இல்லை. வெளியே சொல்ல முடியாத ஒன்றை வாசலில் நின்று எண்ண முடியாது என்பதுதான் எனக்குத் தெரிந்தது. ஒருத்தி ஒரு முறை உண்மையைச் சொல்லிவிட்டால், அதை மறுபடி உறுதி செய்யப் போகாதீர்கள். அலுவலகம் எத்தனை முறை திருப்பி அனுப்பினாலும், 'சொன்னது இதுதான்' என்று எழுதிக் கையெழுத்திட்டு உட்கார்ந்துவிடுங்கள். முருகேசன் அண்ணனைப் பற்றி நான் எழுதிய வரியை அடிக்கவில்லை. அது சரிதான். ஆனால் அவர் போகாததால் எந்த வீடும் உடையவில்லை.

கணவர் சொன்னதை வெளியிடாமல் இருந்தது சரியா என்றும் கேட்பார்கள். சரிதான். இன்று கேட்டாலும் அதையேதான் செய்வேன். சரியாகச் செய்தோம் என்கிற நினைப்பு இதில் ஒரு ஆறுதலும் தருவதில்லை.

இதை எழுதும் முன் பரிமளாவுக்குப் போன் செய்து அனுமதி கேட்டேன். மகள் இப்போது ப்ளஸ் ஒன். தீபாவளிக்கும் பொங்கலுக்கும் பேசுகிறாளாம். 'சாப்டியா' என்பதோடு சரி. எழுதலாமா என்று நான் கேட்டதும், ஓடிக்கொண்டிருந்த தையல் மிஷினை நிறுத்தினார்.

"எழுதுங்கக்கா. பேர மாத்திருங்க. அவரு பேரும் வேணாம், பாவம். ஆனா அவருக்குத் தெரியும்ங்கிறத மட்டும் விட்றாதீங்க. எம்மக என்னைக்காச்சும் படிப்பா."

கணவரின் படிவத்திலிருந்து நான் எதையும் எடுக்கவில்லை. பரிமளா சொன்னதை, பரிமளா சொன்னதாகவே எழுதுகிறேன். அவருக்குத் தெரியும்.