கப்பலுக்குப் பனியன் போட்டவர்

சென்னிமலை கடலைக் கண்ணால் பார்த்ததே கிடையாது. நொய்யல் ஆற்றில் வெள்ளம் வந்தால் வேடிக்கை பார்க்கப் போவார், அவ்வளவுதான் அவருக்கும் தண்ணீருக்கும் உள்ள சொந்தம். ஆனாலும் திருப்பூர் பனியன் கம்பெனிகளில் அவருக்குப் பேர் கப்பல்காரர். அந்தப் பேர் ஒட்டிக்கொண்டது அறுபத்து நாலாம் வருசத்தில்.

அப்போது அவருக்கு வயசு இருபத்தாறு. பனியன் துணி பின்னுகிற மிஷினில் வேலை. அதே கம்பெனியில் தைத்த பனியனுக்குப் பிசிறு வெட்டுகிற சாரதாமணி மேல் உயிரையே வைத்திருந்தார். அவளுக்கும் அப்படித்தான். முறைப்பெண், ஒரு தடையும் கிடையாது, அவளுடைய அப்பா ரத்தினசாமியைத் தவிர. அவர் அவிநாசியில் கைத்தறி நெய்கிறவர். சென்னிமலையின் அம்மா மயிலாள் பெண் கேட்டுப் போனபோது மனுசன் தறியை விட்டு எழுந்திருக்கக்கூட இல்லை.

"தறியை வித்துப்போட்டு மிசினுக்குப் போன ஊட்டுக்குப் பொண்ணு குடுக்க மாட்டனுங்க. நெடுக்கப் பாவும் குறுக்க ஊடையும் இருந்தாத்தானுங்க துணி. பனியனெல்லாம் ஒரு துணியா? ஒரு கண்ணி விட்டாப் போதும், மொத்தமும் பிரிஞ்சு வந்துரும். அதை நம்பிப் பொழைக்கிற ஊட்டுல எம்புள்ளையை எப்படிங்க விடறது?"

சும்மா பேச்சுக்குச் சொன்னதில்லை. அவர் பனியன் என்ற ஒன்றை உடம்பில் ஏற்றினதே இல்லை.

இதைக் கேட்டுச் சென்னிமலைக்கு இரண்டு நாள் சோறு இறங்கவில்லை. மூன்றாம் நாள் பேனாவை எடுத்துக் கதை எழுத உட்கார்ந்துவிட்டார். மனசு சரியில்லாவிட்டால் சிலர் ஊரோடு சண்டைக்குப் போவார்கள், இவர் கதை எழுதுவார். என்ன பண்ணுவது, ஆளுக்கொரு கிறுக்கு.

படிப்பகத்தில் மாசம் ஒரு கையெழுத்துப் பத்திரிகை போடுவார்கள். ஊருக்கெல்லாம் ஒரே பிரதி. படித்தவர்கள் அபிப்பிராயம் எழுதட்டும் என்று கடைசி நாலு பக்கத்தை வெறுமையாக விட்டிருப்பார்கள். அதில் சென்னிமலை தொடர்கதை ஆரம்பித்தார். மாறன் என்கிற மாலுமியின் கப்பல் காலச்சுழலில் மாட்டிக்கொள்கிறது. கப்பலின் முன்பக்கத்தைக் காலம் நூறு வருசம் முன்னே இழுக்கிறது, பின்பக்கத்தை நூறு வருசம் பின்னே இழுக்கிறது. முன்னால் பலகை உளுத்துக் கொட்டுகிறது. பின்னால் பலகை துளிர்விட்டு மறுபடி மரமாகிறது. மாறனுக்குத் தாடி நரைக்க, பின்னால் சுக்கான் பிடித்தவனுக்குப் பால்பல் முளைக்கிறது. அங்கே கொண்டுபோய்த் 'தொடரும்' என்று போட்டுவிட்டார்.

சாரதாமணி பத்திரிகையை அவிநாசி வீட்டுக்கு எடுத்துப் போய், ஞாயிற்றுக்கிழமை தறிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து சத்தமாகப் படிப்பாள். ரத்தினசாமி காதில் விழாதவர் மாதிரி நெய்துகொண்டிருப்பார். ஆனால், "பால்பல் எடத்துல தறிச் சத்தம் நின்னே போச்சுங்க!" என்று மறுநாள் அவள் வந்து சொன்னபோது, சென்னிமலைக்குக் கால் தரையில் பாவவில்லை.

இனிக் கப்பலைக் காப்பாற்றியே ஆகவேண்டும். அடுத்த இதழில் கப்பலைச் சுற்றி இரும்புத் தகடு அடித்தார். 'நூறு வருசத்தில் துருப்பிடிக்காதா?' என்று யாரோ எழுதிவிட்டார்கள். அதற்கடுத்த இதழில், மாமனாராக வேண்டியவரைக் குளிர வைக்கலாம் என்று, நெய்த பட்டைப் போர்த்தினார். அபிப்பிராயப் பக்கத்தில் சாரதாமணியின் கையெழுத்து: 'இந்த இழுப்புக்கு நெசவு நிற்காது, கிழிந்துவிடும் என்று எங்கள் அப்பா சொல்கிறார்.' எவ்வளவு நியாயஸ்தர் பாருங்கள், சொந்தத் தொழிலுக்குக்கூடப் பரிந்து பேசவில்லை.

அன்றைக்கு மிஷினிலிருந்து துணி இறங்கிக்கொண்டிருந்தது, தையலே இல்லாமல் குழாய் மாதிரி. சென்னிமலை யோசனையில் அதை இழுத்து இழுத்து விட்டுக்கொண்டு நின்றார். இழுத்தால் நீண்டது. விட்டால் பழையபடி ஒடுங்கிக்கொண்டது. "அட முருகா!" என்று அவர் போட்ட சத்தத்தில் மேஸ்திரி கிட்டுசாமி, "கை மாட்டிக்கிச்சாப்பா?" என்று பதறி ஓடி வந்தார்.

அப்படிப் பிறந்து அடுத்த இதழில் வந்ததுதான் மீளி. கடலடிப் பாசியிலிருந்து எடுக்கிற நூல். அதை வட்டமாகப் பின்னிக் கப்பலுக்குத் தலைவழியே மாட்டிவிடுகிறார்கள். காலம் எந்தப் பக்கம் இழுத்தாலும் மீளி கூடவே நீண்டு கொடுக்கும், விட்டதும் பழைய அளவுக்கு வந்துவிடும். உள்ளே இருக்கிற கப்பலுக்கு ஒரு நாள் வயசு கூடாது, குறையாது. "கப்பலுக்கே பனியன் போட்டுட்டாரப்பா!" என்று ஊர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது.

அபிப்பிராயப் பக்கத்தில் மட்டும் கோணல்மாணலாக ஒரு கையெழுத்து: 'மீளி சரி. குழாயின் வாய் திறந்து கிடக்குதே? அங்கே ஒரு கண்ணி விட்டால் மொத்தமும் பிரியுமே? உள்ளே ஆளுங்க இருக்காங்க. ரத்தினசாமி.'

ஞாயிற்றுக்கிழமை முதல் பஸ்ஸில் சென்னிமலை அவிநாசிக்குப் போய்விட்டார். போன வேகத்தில் கும்பிடக்கூட மறந்து, "மாமா, வாயை எதுலீங்க கட்டறது?" என்று கேட்டார்.

"இதென்ன கேள்வி? ரெண்டு விரக்கடை அகலத்துல நெசவுப் பட்டி போட்டுக் கட்டோணும். நடுவுல நீளட்டும், வேண்டாங்கல. வாயில நீளக்கூடாது, அசையாம நிக்கோணும். அது நெசவுக்குத்தான் வரும்."

"அப்பக் கப்பல் பொழைக்கோணும்னா பின்னல், நெசவு ரெண்டும் வேணுமுங்களாப்பா?" என்று உள்ளேயிருந்து சாரதாமணி கேட்டாள்.

ரத்தினசாமி தறியை நிறுத்தினார். மகளைப் பார்த்தார், சென்னிமலையைப் பார்த்தார். அப்புறம் தறி குலுங்கச் சிரித்தார். "ரெண்டு பேரும் சேர்ந்து என்னையச் சுழல்ல எறக்கீட்டீங்களே கண்ணு!"

தை மாச இதழில் கப்பல் சேதாரமில்லாமல் கரை சேர்ந்தது. அதே தையில் கல்யாணம். முகூர்த்தத்துக்கு வந்த ரத்தினசாமியைப் பார்த்துக் கூட்டம் வாயைப் பிளந்தது. மனுசன் பனியன் போட்டிருந்தார்! கழுத்தைச் சுற்றி ரெண்டு விரக்கடையில் ஒரு நெசவுப் பட்டி.

"ஏனுங்க மாமா, கழுத்துல என்னதுங்க?" என்றார் சென்னிமலை.

"எங்க தறியில ஓட்டினது மாப்பளே, நானே தச்சேன்." மகளின் கையை எடுத்து மாப்பிள்ளையின் கையில் வைத்து அழுத்திப் பிடித்துக்கொண்டார். "வாயைக் கட்டியாச்சு. இனிப் பிரியாது, போங்க."